சில்லறையா குடுங்க... (ஒரு பஸ் டிக்கெட்டின் கதை)

சிதம்பரம் பஸ் ஸ்டாண்டில் கடலூர் பஸ் ஏறி உட்கார்ந்தால் கண்டக்டர் கேட்கும் முதல் கேள்வி "எங்க?". அடுத்தது கேள்வி கிடையாது, உத்தரவு. "சில்லறையா குடுங்க". இருபது ரூபாய் டிக்கெட்டுக்கு ஐந்நூறு ரூபாய் நோட்டை நீட்டுபவருக்குக் கிடைக்கும் பார்வையைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். அப்புறம் டிக்கெட்டைத் திருப்பி, பின்பக்கம் பேனாவால் பாக்கித் தொகையை எழுதி ஒரு வட்டம் போட்டுக் கொடுப்பார். "எறங்கும்போது வாங்கிக்குங்க". பி.முட்லூர், புதுச்சத்திரம், ஆலப்பாக்கம் என்று பஸ் போய்க்கொண்டே இருக்கும். பாக்கி வரவேண்டியவர் சிப்காட் தாண்டும் வரை கண்டக்டரையே பார்த்துக்கொண்டிருப்பார். தூங்கிவிட்டால் போச்சு. திருப்பாதிரிப்புலியூரில் இறங்கி, பஸ் ஸ்டாண்ட் வாசலில் டீ குடிக்கும்போதுதான் ஞாபகம் வரும். பஸ் அதற்குள் கிளம்பிப் போயிருக்கும்.

இன்னொரு முறையும் உண்டு. முன்பின் தெரியாத இரண்டு பேருக்கும் சேர்த்து ஒரே நோட்டைக் கொடுத்து, "நீங்க ரெண்டு பேரும் பிரிச்சுக்குங்க" என்று சொல்லிவிட்டுக் கண்டக்டர் அடுத்த சீட்டுக்குப் போய்விடுவார். அந்த இருவரும் கீழே இறங்கிப் பெட்டிக்கடையில் ஒரு கடலை மிட்டாய் வாங்கி நோட்டை மாற்றிக் கணக்கை முடித்துக்கொள்ள வேண்டியதுதான். காமர்ஸ் பாடத்தில் இதற்கு 'செட் ஆஃப்' என்று பெயர். வங்கிகள் கிளியரிங் ஹவுஸ் வைத்துச் செய்கிற வேலையை நம்மூர் கண்டக்டர் நின்ற நிலையில், ஒரு கையால் கம்பியைப் பிடித்துக்கொண்டு செய்துவிடுகிறார் :-)

உலகம் முழுக்க நகரப் பஸ்களிலும் மெட்ரோக்களிலும் கார்டைக் காட்டினால் 'பீப்' என்று காசு கழியும் முறை வந்து இருபத்தைந்து வருடங்களுக்கு மேல் ஆகிவிட்டது. அது ஏன் வந்தது என்று கேட்டால் எல்லோரும் சொல்லும் பதில் வேகம். அதுவும் உண்மைதான். ஆனால் டிக்கெட்டின் கதையைக் கொஞ்சம் பின்னால் போய்ப் பார்த்தால் வேகத்துக்கு முன்பே இரண்டு விஷயங்கள் நிற்கின்றன. ஒன்று சில்லறைப் பஞ்சம். இன்னொன்று, காசு வாங்குகிறவன் மேல் முதலாளிக்கு இருந்த சந்தேகம்.

முதலில் சில்லறை. இந்தக் கடலூர் – சிதம்பரம் சாலைக்கும் காசுக்கும் பழைய உறவு உண்டு. பி.முட்லூரில் கிழக்கே திரும்பினால் பரங்கிப்பேட்டை. ஐரோப்பியர்கள் 'போர்ட்டோ நோவோ' என்று அழைத்த துறைமுகம். அந்த ஊர்ப் பெயரிலேயே ஒரு தங்க வராகன் சோழமண்டலக் கரை வியாபாரத்தில் புழங்கியது. நாணயம் சேகரிப்பவர்களின் புத்தகங்களில் இன்றைக்கும் 'போர்ட்டோ நோவோ பகோடா' என்று அது இருக்கிறது. சொந்தப் பெயரில் காசு இருந்த ஊருக்குப் போகும் பஸ்ஸில் ஒரு ரூபாய் சில்லறைக்குச் சண்டை!

இரண்டாம் உலகப் போரின்போது இந்தியா முழுக்க சில்லறைத் தட்டுப்பாடு. உலோகம் எல்லாம் போருக்குப் போய்க்கொண்டிருந்தது. வெள்ளியை மிச்சப்படுத்த 1940-ல் ஒரு ரூபாய் நோட்டு மறுபடி அச்சாகி வந்தது. 1943-ல் நடுவில் பெரிய ஓட்டை போட்ட காலணா வந்தது. தாத்தா பாட்டிகள் சொல்லும் 'ஓட்டைக் காலணா' அதுதான். அந்த ஓட்டை அழகுக்காகப் போட்டதில்லை, செம்பு மிச்சம் பிடிக்கப் போட்டது. 1957 ஏப்ரல் 1 முதல் அணா போய் நயா பைசா வந்தது. 2011 ஜூன் மாதத்தோடு 25 பைசாவும் அதற்குக் கீழே உள்ள காசுகளும் செல்லாமல் போயின. பத்து ரூபாய் நாணயத்தின் கதை இன்னும் வேடிக்கை. அது செல்லாது என்று யாரோ கிளப்பிவிட்ட வதந்தியால் தமிழ்நாட்டில் பல ஊர்க் கடைகளில் வாங்க மறுத்தார்கள். ரிசர்வ் வங்கி 2018 ஜனவரியில் அறிக்கை விட்டு, புழக்கத்தில் இருந்த 14 வடிவங்களும் செல்லும் என்று சொல்லவேண்டி வந்தது. அப்படிச் சொன்ன பிறகும் தயக்கம் உடனே போய்விடவில்லை. கண்டக்டர் நிலைமையை யோசித்துப் பாருங்கள். பயணி கொடுத்தால் இவர் வாங்கவேண்டும், இவர் திருப்பிக் கொடுத்தால் பயணி வாங்கமாட்டார்.

இப்போது இரண்டாவது விஷயம், சந்தேகம். இதற்கு இங்கிலாந்து போகவேண்டும். 1830-களில் நியூகாசில் – கார்லைல் ரயில் பாதையில் தாமஸ் எட்மண்ட்சன் என்று ஒரு ஸ்டேஷன் மாஸ்டர். அதற்கு முன் மரச்சாமான் தொழில் செய்து, திவாலாகி, பிறகு ரயில்வேயில் வேலைக்குச் சேர்ந்தவர். அந்தக் காலத்தில் ஸ்டேஷன் குமாஸ்தா ஒவ்வொரு பயணிக்கும் கையால் சீட்டு எழுதிக் கொடுப்பார். எத்தனை சீட்டு எழுதினார், எவ்வளவு காசு வாங்கினார் என்பதற்கு அவர் சொல்வதுதான் கணக்கு. எட்மண்ட்சன் சின்னச் சின்ன அட்டைகளை வரிசை எண் போட்டு முன்கூட்டியே அச்சடித்துவைத்தார். காலையில் கட்டின் மேலே இருந்த எண்ணையும் ராத்திரி மேலே இருக்கும் எண்ணையும் கழித்தால் எத்தனை டிக்கெட் விற்றது என்று தெரிந்துவிடும். யாரையும் கேட்கவேண்டியதில்லை. இந்த முறையைப் பயன்படுத்தும் ரயில் கம்பெனிகளிடம் ஒரு மைலுக்கு வருடத்துக்குப் பத்து ஷில்லிங் வீதம் ராயல்டி வாங்கினார். திவாலானபோது பாக்கி வைத்த கடன்காரர்களுக்கெல்லாம் பிறகு பணத்தைத் திருப்பிக் கொடுத்தார் என்பது அவரைப் பற்றிய உபகதை. (நம்மூர் ரயில்வேயில் 'டக்' என்று தேதி குத்திக் கொடுத்த அந்தத் தடித்த அட்டை டிக்கெட் அவர் கண்டுபிடிப்புதான். விழுப்புரம் – மயிலாடுதுறை பாதை மீட்டர் கேஜாக இருந்த காலத்தில் சிதம்பரத்தில் ரயில் ஏறியவர்கள் வீட்டுப் பழைய பெட்டிகளில் இன்னும் ஒன்றிரண்டு கிடக்கலாம்.)

ரயிலுக்கு ஸ்டேஷன் உண்டு, பஸ்ஸுக்கு இல்லையே? லண்டன் குதிரை பஸ்களில் கண்டக்டர்கள் வசூலில் ஒரு பங்கைத் தாங்களே வைத்துக்கொண்டு மீதியைக் கம்பெனிக்குக் கட்டினார்கள். இது ஊரறிந்த ரகசியம். சம்பளம் குறைவு என்பதால் கம்பெனியும் கண்டும் காணாமல் இருந்தது. 1891-ல் லண்டன் ஜெனரல் ஆம்னிபஸ் கம்பெனி டிக்கெட் முறையைக் கொண்டுவந்தது. டிக்கெட்டைத் துளையிடும் 'பெல் பஞ்ச்' கருவியை அழுத்தினால் மணி அடிக்கும், துளையில் விழும் வட்டத் துண்டு கருவிக்குள்ளேயே தங்கிவிடும். சாயங்காலம் அந்தத் துண்டுகளை நிறம் பிரித்து எண்ணினால் வசூல் தெரிந்துவிடும். அந்த ஜூன் மாதமே லண்டனில் பஸ் ஊழியர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். மேல்வருமானத்தைப் பிடுங்குகிறாய், சரி, அப்படியானால் சம்பளத்தைக் கூட்டு, பன்னிரண்டு மணி நேரத்துக்கு மேல் வேலை வாங்காதே என்றார்கள். டிக்கெட் பயணிக்காகப் பிறந்தது என்று நினைத்துக்கொண்டிருக்கிறோம். அது பிறந்தது ஆடிட்டருக்காக.

தமிழ்நாட்டு பஸ் டிக்கெட்டும் இதே வம்சம்தான். 1972-ல் பல்லவன், பாண்டியன், சேரன், சோழன் என்று அரசுப் போக்குவரத்துக் கழகங்கள் பிறந்தன. விழுப்புரத்தைத் தலைமையிடமாக வைத்துத் தந்தை பெரியார் போக்குவரத்துக் கழகம் 1975-ல் வந்தது. கடலூரும் சிதம்பரமும் அதன் எல்லைக்குள். கண்டக்டர் கையில் ஒவ்வொரு தொகைக்கும் ஒவ்வொரு நிறத்தில் டிக்கெட் கட்டு, தோளில் தோல் பை, வாயில் விசில், காதில் பேனா. எச்சில் தொட்டு டிக்கெட் கிழிக்கும் அந்த ஸ்டைலைப் பார்த்துவிட்டுக் கண்டக்டர் ஆக ஆசைப்படாத பையன் யார்? (சிவாஜி ராவ் என்ற பெங்களூர் கண்டக்டர் என்ன ஆனார் என்று எல்லோருக்கும் தெரியும்!) 2020-ல் கொரோனா வந்தபோதுதான் அந்த எச்சில் திடீரென்று எல்லோர் கண்ணுக்கும் பட்டது.

அந்தக் கட்டுக்குப் பின்னால் இருந்த கணக்கு எட்மண்ட்சன் கணக்கேதான். கிளம்பும்போது ஒவ்வொரு கட்டின் ஆரம்ப எண்ணும் வேபில்லில் எழுதப்படும். ஒவ்வொரு ஸ்டேஜ் வரும்போதும் அப்போதைய எண்ணை எழுதவேண்டும். உதாரணத்துக்கு ஐந்து ரூபாய்க் கட்டு 4200-ல் ஆரம்பித்து 4231-ல் நின்றால் 31 டிக்கெட் போயிருக்கிறது, பையில் அதற்கு 155 ரூபாய் இருந்தாக வேண்டும். செக்கிங் இன்ஸ்பெக்டர் நடுவழியில் ஏறினால் பயணிகளைப் பார்ப்பதற்கு முன் வேபில்லைத்தான் கேட்பார். பையில் குறைந்தால் கண்டக்டர் கைக்காசு. அதிகமாக இருந்தாலும் தலைவலிதான், யாருக்கோ டிக்கெட் கொடுக்கவில்லை என்று அர்த்தமாகிவிடும். அந்த அதிகப்படி, ஆலப்பாக்கத்தில் பாக்கி வாங்க மறந்து இறங்கிப்போனவருடைய இரண்டு ரூபாயாகக்கூட இருக்கலாம். அதை எப்படி நிரூபிப்பது?

இப்படி ஓடிக்கொண்டிருந்த வண்டியில் 1997 ஒரு முக்கியமான வருடம். தமிழ்நாட்டில் போக்குவரத்துக் கழகங்களுக்குத் தலைவர்கள் பெயர் வைப்பது சாதிக் கலவரம் வரைக்கும் போய், அந்த வருடம் எல்லாக் கழகங்களின் பெயரையும் எடுத்துவிட்டார்கள். பெரியார், சோழன், பாண்டியன் எல்லாம் போய் 'தமிழ்நாடு அரசுப் போக்குவரத்துக் கழகம்' என்று ஒரே பெயர் ஆனது. தென்னாற்காடு வள்ளலார் மாவட்டம் வெறும் கடலூர் மாவட்டம் ஆனதும் அப்போதுதான். அதே 1997 செப்டம்பர் 1-ம் தேதி, ஹாங்காங்கில் 'ஆக்டோபஸ்' கார்டு வெளிவந்தது. அதற்கு முன் தென்கொரியாவின் சியோலில் 1996-லேயே பஸ் கார்டு வந்துவிட்டது என்றாலும், ஒரு நகரமே பர்ஸை மறந்துபோகும் அளவுக்கு வெற்றி பெற்றது ஆக்டோபஸ்தான். முதல் மூன்று மாதத்தில் முப்பது லட்சம் கார்டு!

இதில் என்ன விசேஷம் என்றால், அந்த வெற்றிக்கு ஒரு காரணம் சில்லறைத் தட்டுப்பாடு. 1997 ஜூலையில் ஹாங்காங் பிரிட்டனிடமிருந்து சீனாவுக்குப் போனது. ராணி தலை போட்ட பழைய நாணயங்களுக்குப் பிற்பாடு விலை ஏறும் என்று நினைத்து மக்கள் எடுத்துப் பதுக்கிவைத்துக்கொண்டார்கள். தெருவில் காசு இல்லை. அந்த நேரம் பார்த்து வந்தது காசே தேவைப்படாத கார்டு. இன்னொரு காரணமும் உண்டு. ஹாங்காங் மெட்ரோ, கௌலூன் – கான்டன் ரயில்வே, இரண்டு பஸ் கம்பெனிகள், ஒரு படகுக் கம்பெனி என்று ஐந்து நிறுவனங்கள் 1994-லேயே சேர்ந்து, கார்டுக்கென்று பொதுவாக ஒரு கம்பெனி தொடங்கியிருந்தன. வாடிக்கையாளருக்காக ஒருவரோடு ஒருவர் போட்டி போடுகிறவர்கள் கணக்குப் பிரிப்பதற்கு மட்டும் ஒரே மேஜையில் உட்கார்ந்தார்கள். (இதை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள், கடலூருக்குத் திரும்பும்போது தேவைப்படும்.)

கார்டு வேலை செய்யும் விதம் ரொம்ப எளிமை. உள்ளே ஒரு சின்னச் சில்லும், ஓரத்தைச் சுற்றி மெல்லிய கம்பிச் சுருளும் இருக்கும். பேட்டரி கிடையாது. வாசலில் இருக்கும் கருவி 13.56 மெகாஹெர்ட்ஸ் அலைவரிசையில் ஒரு காந்தப்புலத்தைப் பரப்பிக்கொண்டே இருக்கும். கார்டு பத்து சென்டிமீட்டருக்குள் வந்தால் அந்தப் புலமே சுருளில் மின்சாரத்தை உண்டாக்கிச் சில்லை எழுப்பிவிடும். கருவியும் சில்லும் ஒன்றையொன்று 'நீ நிஜம்தானா' என்று சோதித்து, இருப்பைக் குறைத்து, புதிய தொகையை எழுதிவிட்டு ஓய்ந்துவிடும். அரை நொடிக்கும் குறைவான நேரம். பிளஸ் டூ இயற்பியலில் படித்த மின்காந்தத் தூண்டல்தான், ஃபாரடே 1831-ல் கண்டுபிடித்தது.

உலகத்தில் அதிகம் புழங்கிய 'மைஃபேர்' சில்லை 1994-ல் கொண்டுவந்தது ஆஸ்திரியாவின் மிக்ரான் என்ற சின்னக் கம்பெனி. பெயரிலேயே 'ஃபேர்', அதாவது கட்டணம், இருக்கிறது. பிறகு அதை பிலிப்ஸ் வாங்கிவிட்டது. 2003-ல் வந்த லண்டனின் 'ஆய்ஸ்டர்' கார்டில் இருந்தது இதுதான். 2008-ல் நெதர்லாந்தின் நைமேகன் பல்கலைக்கழக ஆராய்ச்சியாளர்கள் இந்தச் சில்லின் ரகசியப் பூட்டை உடைத்துக் காட்டினார்கள். அதை வெளியிடக்கூடாது என்று கம்பெனி வழக்குப் போட்டுத் தோற்றது. பூட்டு பலவீனமாக இருந்தால் அதைச் சொன்னவன் மேல் என்ன தப்பு என்பதுதான் சாரம்.

இந்தியாவுக்கு இந்த முறை மெட்ரோ வழியாக வந்தது. 2002 டிசம்பரில் டெல்லி மெட்ரோ ஆரம்பித்தபோதே ஸ்மார்ட் கார்டும், உள்ளே சில் வைத்த பிளாஸ்டிக் டோக்கனும் இருந்தன. 2015 ஜூன் 29 அன்று ஆலந்தூர் – கோயம்பேடு இடையே ஓட ஆரம்பித்த சென்னை மெட்ரோவிலும் அதே கதைதான். காசை ஒழிக்க வந்த தொழில்நுட்பம் முதலில் காசு மாதிரியே வட்டமாக ஒரு டோக்கன் செய்தது பாருங்கள்! 2019 மார்ச்சில் நாடு முழுக்க எந்த ஊர் பஸ்ஸிலும் மெட்ரோவிலும் செல்லக்கூடிய பொது மொபிலிட்டி கார்டு அறிமுகமானது. சென்னை மெட்ரோவுக்கு 2023 ஏப்ரலில் 'சிங்காரச் சென்னை' கார்டாக வந்தது. அதே கார்டை 2025 ஜனவரியில் சென்னை மாநகரப் பஸ்களுக்கும் கொண்டுவந்தார்கள்.

பஸ் பக்கம் நடந்தது மெட்ரோ மாதிரி நேர்கோட்டில் இல்லை. 2000-களின் பிற்பகுதியிலிருந்து தமிழ்நாட்டு கண்டக்டர்கள் கைக்கு மின்னணு டிக்கெட் கருவி வந்தது. 'கிர்ர்ர்' என்று தாளைத் துப்பும் அந்தக் கருவிக்குப் பெரிய வரவேற்பு. வேபில் எழுதும் வேலை மிச்சம். கொஞ்ச வருடத்தில் பேட்டரி நிற்காமல், பட்டன் தேய்ந்து, ஒவ்வொன்றாகப் பழுதாகிப் பல இடங்களில் மறுபடி பழைய காகிதக் கட்டுக்கே திரும்பினார்கள். யுபிஐயும் கார்டும் ஏற்கும் புதுக் கருவிகள் சென்னை பஸ்களுக்கு 2024-ல்தான் வந்தன. அதாவது ஹாங்காங்குக்கு 27 வருடம் கழித்து. இதற்குத் தொழில்நுட்பத்தைக் குறை சொல்லமுடியாது. வாங்கிய கருவியைப் பராமரிக்கப் பணம் ஒதுக்காதது பட்ஜெட் சம்பந்தப்பட்ட விஷயம்.

இனி கொஞ்சம் காமர்ஸ். பழைய முறையில் டிக்கெட்டின் பின்னால் 'பாக்கி 8' என்று எழுதிக் கொடுத்தால் கண்டக்டர் கடன்காரர், பயணி கடன் கொடுத்தவர். அந்தக் கடனின் ஆயுள் ஒரு மணி நேரம். கார்டிலும் பயணிதான் கடன் கொடுப்பவர், ஆனால் ஆயுளுக்கு எல்லை இல்லை. இருநூறு ரூபாய் போட்டு வைத்தால், அது தீரும் வரை அந்தப் பணம் கார்டு கொடுத்தவரிடம் கிடக்கும். லட்சக்கணக்கான பேர் இப்படிப் போட்டு வைத்த முன்பணம் மொத்தமாகச் சேர்ந்தால் அது பெரிய தொகை, வட்டி இல்லாத கடன். 2024 பிப்ரவரியில் ரிசர்வ் வங்கி, அடையாள ஆவணம் எதுவும் கேட்காமலே போக்குவரத்துக்கான கார்டு கொடுக்கலாம் என்று அனுமதித்தது. நல்ல விஷயம், ரேஷன் கார்டையும் ஆதாரையும் தூக்கிக்கொண்டு அலையவேண்டாம். ஆனால் கூடவே வந்த நிபந்தனைகளைப் பாருங்கள். அதிகபட்ச இருப்பு 3,000 ரூபாய். அதிலிருந்து பணமாக எடுக்கமுடியாது, இன்னொருவருக்கு மாற்றமுடியாது, ரீஃபண்டும் கிடையாது. படிப்பு முடிந்து ஊரைவிட்டுப் போகும் மாணவரின் கார்டில் 47 ரூபாய் மிச்சம் இருந்தால் அது அங்கேயே இருக்கும். மறந்துபோன இரண்டு ரூபாய் முன்பு கண்டக்டர் பையில் தங்கியது, நாம் அவரைத் திட்டினோம். இப்போது மறந்துபோவது கணினிக் கணக்கில் தங்குகிறது, யாரைத் திட்டுவது?

கார்டு ஞாபகமும் வைத்துக்கொள்ளும். எட்மண்ட்சன் அட்டைக்கு எத்தனை பேர் போனார்கள் என்று மட்டும்தான் தெரியும், யார் போனார்கள் என்று தெரியாது. 2010-ல் ஹாங்காங்கில் ஆக்டோபஸ் நிறுவனம் தன் சலுகைத் திட்டத்தில் சேர்ந்த கிட்டத்தட்ட இருபது லட்சம் பேரின் விவரங்களை மற்ற கம்பெனிகளுக்கு விற்று 4.4 கோடி ஹாங்காங் டாலர் சம்பாதித்தது வெளியே வந்தது. முதலில் மறுத்தார்கள், பிறகு ஒப்புக்கொண்டார்கள், தலைமை அதிகாரி பதவி விலகினார். நம் கடலூர் கண்டக்டருக்கும் தினமும் எட்டு மணி பஸ்ஸில் யார் எங்கே ஏறி எங்கே இறங்குகிறார்கள் என்று அத்துப்படி. ஆனால் அவர் அதை யாருக்கும் விற்கவில்லை.

லண்டன் பஸ்களில் 2014 ஜூலை 6 முதல் ரொக்கம் வாங்குவதையே நிறுத்திவிட்டார்கள். வங்கிக் கார்டையே நேராகக் காட்டும் வசதி 2012-லேயே வந்துவிட்டதால் ரொக்கம் கொடுப்பவர்கள் ரொம்பக் குறைந்துவிட்டார்கள் என்பது காரணம். அப்போது ஒரு கேள்வி எழுந்தது. ராத்திரி பதினொரு மணிக்குக் கடைசி பஸ், கார்டில் இருப்பு போதவில்லை, கையில் காசு இருந்தும் வாங்கமாட்டார்கள். என்ன செய்வது? அதற்காக 'இன்னும் ஒரு பயணம்' என்று ஒரு வசதி சேர்த்தார்கள். இருப்பு டிக்கெட் விலைக்குக் குறைவாக இருந்தாலும் ஒரே ஒரு முறை ஏற்றிக்கொள்ளும், அடுத்த முறை பணம் போடும்போது கழித்துக்கொள்ளும். ஹாங்காங் கார்டும் ஒரு அளவு வரை கழித்தல் குறிக்குப் போக விடும், கார்டு வாங்கும்போது கட்டிய டெபாசிட் அதற்கு ஈடு.

இதைப் படிக்கும்போது சிரிப்பு வருகிறது. ஏனென்றால் இது "சரி, நாளைக்குக் குடு" என்று நம்மூர் கண்டக்டர் காலேஜ் பையனிடம் சொல்வதேதான். அந்த ஒரு வாக்கியத்தை மென்பொருளில் எழுத ஒரு திட்டம், ஒரு விதி, ஒரு அறிவிப்பு எல்லாம் தேவைப்பட்டிருக்கிறது. கண்டக்டர் செய்த ஒவ்வொரு வேலையையும் கருவிக்குத் தனித்தனியாகச் சொல்லிக்கொடுக்க வேண்டியிருக்கிறது. காசு வாங்குவதையும் கணக்கு எழுதுவதையும் அது சீக்கிரம் கற்றுக்கொண்டது. கடன் கொடுப்பதைக் கொஞ்சம் கற்றுக்கொண்டது. கைக்குழந்தையோடு நிற்பவருக்கு "எந்திரிச்சு எடம் குடுப்பா" என்று அதட்டுவது, தூங்குகிறவரைத் தட்டி எழுப்பி "முட்லூர் வந்துடுச்சு" என்று இறக்கிவிடுவது, ஓடிவரும் பாட்டிக்காக இரண்டு விசில் கொடுத்து நிறுத்துவது... இதெல்லாம் எந்தக் கருவியின் விவரப் பட்டியலிலும் கிடையாது.

2018-ல் தமிழ்நாட்டில் கண்டக்டர் இல்லாத பஸ்களை விட்டுப் பார்த்தார்கள். நடுவில் நிற்காமல் ஊருக்கு ஊர் போகும் பஸ்கள். கிளம்பும் இடத்திலேயே டிக்கெட் கொடுத்துவிட்டு கண்டக்டர் இறங்கிவிடுவார். இடையில் யாரும் ஏறாத இறங்காத தடத்தில் இது நடக்கும். இருபது இடத்தில் நிற்கும் சாதாரண பஸ்ஸில் நடக்காது. லண்டனில் டிரைவரே பார்த்துக்கொள்கிறாரே என்றால், அங்கே எல்லோரும் முன்வாசலில் வரிசையாக ஏறுகிறார்கள். காலை எட்டரை மணிக்கு சிதம்பரத்தில் எந்த பஸ்ஸிலாவது அப்படி ஏறச் சொல்லிப் பாருங்கள் :-) பின் படியில் நிற்பவரின் பத்து ரூபாய், ஏழெட்டுக் கை மாறி, "பாஸ் பண்ணுங்க, பாஸ் பண்ணுங்க" என்று கண்டக்டரிடம் போய், டிக்கெட்டும் மீதியும் அதே கைகள் வழியாகத் திரும்பி வருகிறது. நடுவில் ஒரு ரூபாய் காணாமல் போவதில்லை.

இதற்கிடையே 2021-ல் தமிழ்நாடு யாரும் எதிர்பார்க்காத இடத்தில் திரும்பியது. மே 8 முதல் சாதாரணக் கட்டண டவுன் பஸ்களில் பெண்களுக்குக் கட்டணம் இல்லை. கார்டு, யுபிஐ, சில்லறை எல்லாப் பிரச்சனையும் பாதிப் பேருக்கு ஒரே கையெழுத்தில் தீர்ந்தது. காசே கொடுக்கவேண்டாம் என்பதைவிட வேகமான கட்டண முறை உலகத்தில் இல்லை! திட்டம் ஆரம்பித்தபோது அரசு கழகங்களுக்கு ஈடாக வருடத்துக்கு 1,200 கோடி ரூபாய் தருவதாக ஒதுக்கியது. முதலில் டிக்கெட் இல்லாமலே பயணம் செய்தார்கள். இரண்டு மாதத்தில், ஜூலையில், பூஜ்ஜிய விலை டிக்கெட் வந்தது. காசு வாங்காத பயணத்துக்கு எதற்கு டிக்கெட்? எத்தனை பேர் போனார்கள் என்று கணக்குக் காட்டத்தான். கணக்கு இருந்தால்தானே அரசிடமிருந்து பணம் வரும். எட்மண்ட்சன் ஆரம்பித்த இடத்துக்கே டிக்கெட் திரும்பி வந்துவிட்டது. புதுச்சத்திரத்தில் கூடையோடு ஏறும் அம்மாவுக்குக் கண்டக்டர் கிழித்துக் கொடுக்கும் அந்தச் சீட்டால் அந்த அம்மாவுக்கு ஒரு பிரயோஜனமும் இல்லை, செக்கர் வந்தால் காட்டலாம் என்பதைத் தவிர.

சரி, கடலூர் – சிதம்பரம் தடத்துக்கு எல்லோருக்கும் பொதுவாக ஒரு கார்டு வருவதாக வைத்துக்கொள்வோம். கருவி வாங்குவது பெரிய விஷயமே இல்லை. இந்தப் பக்கம் அரசு பஸ்ஸும் தனியார் பஸ்ஸும் கலந்து ஓடுகின்றன. இரண்டு நிமிட இடைவெளிக்காக ஸ்டாண்டிலேயே டைமிங் தகராறு நடக்கும். பயணிக்கு எது முதலில் வருகிறதோ அதுதான் பஸ். அரசு பஸ்ஸில் மட்டும் செல்லும் கார்டு என்றால், தனியார் பஸ் வந்து நிற்கும்போது கையில் சில்லறையும் வேண்டும், அப்புறம் கார்டு எதற்கு? ஹாங்காங்கில் ஐந்து பேர் உட்கார்ந்த அந்த மேஜை இங்கே முதலில் போடப்படவேண்டும். முன்பணம் யார் கணக்கில் கிடக்கும், இரண்டு பஸ் வைத்திருக்கும் சின்ன முதலாளிக்கு அவர் பங்கு எத்தனை நாளில் வரும், டீசலுக்கு அன்றன்றைக்கு வசூல் காசை நம்பி ஓடுகிறவர் அதுவரை என்ன செய்வார் என்பதெல்லாம் பேசி முடிக்கவேண்டும். கண்டக்டருக்கும் டிரைவருக்கும் வசூலைப் பார்த்துப் படி கொடுக்கும் முதலாளி, காசே பைக்கு வராத நாளில் ராத்திரி எதைப் பார்த்துக் கொடுப்பார் என்பது இன்னொரு கேள்வி. இந்த மேஜையைப் போடுவது கலெக்டரா, போக்குவரத்துக் கழகமா, முதலாளிகள் சங்கமா?

அதுவரைக்கும் கடலூர் பஸ்ஸில் ஏறுகிறவர்கள் ஒன்று செய்யலாம். தூங்குவதற்கு முன் டிக்கெட்டைத் திருப்பிப் பார்த்து, எழுதியிருக்கும் தொகையை ஒருமுறை மனப்பாடம் செய்துகொள்ளலாம்.